நிமிடம் என்று அச்சிட்ட கட்டம்

படிவத்தின் ஒன்பதாம் கேள்வி:
காலையில் மூட்டு விறைப்பு எவ்வளவு நேரம்?
பக்கத்தில் ஒரு கட்டம்.
கட்டத்தின் காலடியில் 'நிமிடம்'.

செவெல்மா யோசித்தாள்.
மேலங்கிக்குள் கைகளை இழுத்துக்கொண்டாள்,
கேள்வி ஏதோ குளிர்காற்று என்பதுபோல.
"பதினோரு குதிரை" என்றாள்.

பதினோராவது குதிரையின் மடியைத் தொடும்வரை
விரல்கள் அவளுடையவை இல்லையாம்.
யாரோ இரவல் கொடுத்துவிட்டுத்
திருப்பிக் கேட்க மறந்த விரல்களாம்.
பன்னிரண்டாவதில்தான்
பால் கறப்பது அவளாகிறாள்.

ஒரு குதிரைக்கு எத்தனை நிமிடம்?
சிரித்துவிட்டாள்.
"எந்தக் குதிரைக்கு?"

ஏழு கட்டில் மருத்துவமனை இது,
புல்கன் மாகாணத்தின் வடக்கு மூலையில்.
எக்ஸ்ரே எடுக்க நூற்றிருபது கிலோமீட்டர் போகவேண்டும்.
என் கைவசம் இருப்பவை சொற்கள்:
உலான்பாத்தரில் ஆறு வருடம் உருப்போட்டவை,
பாதியில் ருஷ்ய வாடை,
மீதியில் லத்தீன் எலும்பு.

அவற்றுக்குள் ஒரு மிருகக்காட்சிசாலையே உண்டு.
விரல் நடுவே பின்வளைந்து நுனி குனிந்தால்
அன்னக் கழுத்து.
உடைந்த குருத்தெலும்பு மூட்டுக்குள் திரிந்தால்
எலி.
முதுகெலும்பு ஒட்டி ஒன்றாகிவிட்டால் மூங்கில்.
மூங்கிலை நான் பார்த்ததில்லை.
போன மாதம் லாரி ஓட்டும் சோத்னோமுக்கு
நோயைச் சொல்லுமுன்
மூங்கில் படம் தேடிக் காட்டினேன்.
"அழகாத்தானே இருக்கு" என்றான்.

டென்னிஸ் முழங்கை என்றும் ஒன்று.
இந்த வட்டாரத்தில் ஒரு மட்டை கிடையாது.
வலிக்கும் முழங்கைகள் நாற்பது,
அத்தனையும் சுருக்குக் கழியால் குதிரை பிடித்தவை.

செவெல்மாவின் மோதிர விரலைப் பிடித்துப் பார்த்தேன்.
"இதுக்கு என்ன பேரு?"
அன்னக் கழுத்து என்றேன்.
அன்னங்களை அவள் அறிவாள்.
ஏரிப் பனி விரிசல் விடும்போது வந்திறங்கும்.
விரலைத் திருப்பித் திருப்பிப் பார்த்துச் சொன்னாள்:
"அது குனிஞ்சு தண்ணி குடிச்சிட்டு நிமிரும்.
இது குனிஞ்சதோட சரி."

எங்கள் மொழியில் மூட்டுக்கு 'உயெ' என்று பேர்.
தலைமுறைக்கும் அதே சொல்.
சொல்லின் அசைக்கும் அதே சொல்.
நான் எழுதும் மூட்டு அழற்சியை
காய்ச்சல் கண்ட தலைமுறை என்றும் ஒருவர் படிக்கலாம்,
அசைய மறுக்கும் அசை என்றும்.

கட்டத்தில் 11 போட்டேன்.
'நிமிடம்' என்பதை அடித்துவிட்டு
'குதிரை' என்று எழுதினேன்.

நிபுணர் லுவ்சந்தாஷ்
தொலைபேசியில் வெகுநேரம் மூச்சு மட்டும் விட்டார்.
"பதினோரு நிமிடமென்றால் தேய்மானம்.
ஒரு மணி தாண்டினால் முடக்குவாதம்.
குதிரையென்றால் என்ன நோய், டாக்டர்?"
பிறகு அவரே, குரல் இறங்கி:
"என் அண்ணி மணிக்கு ஆறு கறப்பாள்.
மருந்தைத் தொடங்குங்கள்."

மஞ்சள் மாத்திரை, செவ்வாய்க்கிழமை மட்டும்.
தினமும் இல்லை, செவ்வாய் மட்டும்.
மூன்று முறை சொன்னேன்.
நாலாவது முறை அவள் எனக்குச் சொன்னாள்.

செப்டம்பர் கடைசியில் வந்து
வாசலிலிருந்தே விரல் காட்டினாள்: நாலு குதிரை.
எனக்கு அன்று மதியச் சாப்பாடு ருசித்தது.

டிசம்பரில் வந்தாள்.
குதிரைகள் கறவை நின்றுபோயிருந்தன.
இப்போது எவ்வளவு நேரம்?
"கெட்டில்ல போட்ட பனிக்கட்டி
முனக ஆரம்பிக்கிற வரைக்கும்."

நாலு குதிரை பெரிதா, ஒரு முனகல் பெரிதா?
எந்தப் பாடநூலிலும் அட்டவணை இல்லை.
பேனாவை வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன்.

கிளம்பும்போது மேலங்கிப் பித்தான்களைப் போட்டாள்.
துணி முடிச்சுகள், ஆட்டுப் புழுக்கை அளவு.
ஆகஸ்டில் அவற்றைக் கணவன் போட்டுவிட்டான்,
அவள் சுவரைப் பார்த்து நின்றிருந்தாள்.
இன்று கழுத்தில் ஒன்று, தோளில் ஒன்று.
அக்குள் பித்தான் நழுவியது, மறுபடி நழுவியது.
ஒரு கெட்டவார்த்தை சொன்னாள்
பித்தானை. விரலை அல்ல.

படிவத்தின் ஓரத்தில்,
அச்சு எதுவும் இல்லாத இடத்தில் எழுதினேன்:
பித்தானைத் திட்டினாள்.